மின்கம்பமா, சிலிப்பர் கட்டையா, சூரியத் தகட்டுச் சட்டகமா? மட்டக்களப்பு, அம்பாறைப் பட்டறைகள் வளரக்கூடிய மூன்று வழிகள்

ஏறாவூரில் இரும்பு ஒட்டுப் பட்டறை நடத்தும் ஒருவரும், சம்மாந்துறையில் வேலித்தூணும் மதகுக் குழாயும் வார்க்கும் ஒருவரும் ஒரே மாதத்தில் என்னிடம் ஒரே கேள்வியைக் கேட்டார்கள். இருவரிடமும் இருபது முதல் நாற்பது பேர் வரை வேலை செய்கிறார்கள். வீட்டுப் படலை, அரிசி ஆலைக் கூரை, வேலித்தூண் என்று வரும் சில்லறை வேலைகள் இருவருக்கும் போதவில்லை. மின்சாரத் துறைக்கோ ரயில் பாதைக்கோ பொருள் செய்து கொடுக்கும் நிலைக்கு உயரவேண்டும் என்ற விருப்பம் இருவருக்கும் உண்டு. எதில் இறங்குவது என்பதுதான் பிடிபடவில்லை. இதே இடத்தில் நிற்கும் வேறு சிலரும் இப்பகுதியில் இருப்பதால், அவர்களுக்குச் சொன்னதை விரிவாக எழுதுகிறேன்.

நான் பதினெட்டு ஆண்டுகளாக இந்த இரு மாவட்டங்களிலும் உள்ள பட்டறைகளுக்கு விலைமனு தயாரித்துக் கொடுப்பவன். சில காலம் ஒரு பட்டறையில் பங்காளியாகவும் இருந்தவன். என் கண்ணெதிரே மூடப்பட்ட பட்டறைகள் பலவற்றில் கடைசி நாள் வரை வேலை இருந்தது; செய்து முடித்த வேலைக்குரிய பணம்தான் வந்து சேரவில்லை. ஆகவே சந்தை எவ்வளவு பெரியது என்ற கேள்வியைச் சற்றுப் பின்னுக்குத் தள்ளி, பணம் எத்தனை மாதத்தில் திரும்புகிறது என்பதையும், போட்ட முதலை நாளை வேறு வேலைக்குத் திருப்ப முடியுமா என்பதையும் இங்கே முன்னுக்கு வைத்திருக்கிறேன்.

## எதை வைத்து எடை போடுவது

பணம் திரும்பும் காலத்தை ஓர் எடுத்துக்காட்டுக் கணக்கால் விளக்கலாம். மாதம் 80 இலட்சம் ரூபாவுக்குப் பொருள் வழங்கும் பட்டறை ஒன்றுக்கு, ஒப்படைத்த நாளிலிருந்து நான்கு மாதத்தில் பணம் வருகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். எந்த வேளையிலும் 3 கோடியே 20 இலட்சம் ரூபா வெளியே நிற்கும். அந்தத் தொகையை ஆண்டுக்கு 12 சதவீத வட்டிக்கு வங்கியில் எடுத்திருந்தால், ஒவ்வொரு மாதப் பொருளின் விலையிலும் 4 சதவீதம் வட்டியாகவே கரைந்துவிடும். 8 சதவீத இலாபம் வைத்து விலை கொடுத்தவர் அதில் பாதியை அங்கேயே இழந்துவிட்டார். பணம் எட்டு மாதம் இழுபட்டால் மீதிப் பாதியும் போய்விடும். விலைமனு எழுதும்போது இந்த வட்டியைப் பொருளின் விலையில் சேர்ப்பவர்களை நான் மிக அரிதாகவே கண்டிருக்கிறேன்.

அடுத்தது, முதலைத் திருப்பும் வசதி. ஓர் ஒட்டு இயந்திரமும் வெட்டும் இயந்திரமும் இன்று மின்கம்பக் குறுக்குச் சட்டம் செய்யும், நாளை ஆலைக் கூரை செய்யும். ஆனால் தண்டவாளத்தின் கீழே இடும் சிலிப்பர் கட்டைக்கென்று வாங்கிய உருக்கு அச்சு சிலிப்பர் கட்டையை மட்டுமே வார்க்கும். வேலை நின்ற நாளில் அது பழைய இரும்பு விலைக்குத்தான் போகும்.

நுழைவுத் தகுதியையும் இடத்தையும் இவற்றோடு சேர்த்துப் பார்க்கவேண்டும். அரசாங்கக் கொள்வனவில் முன் அனுபவம், சோதனைச் சான்றிதழ், விலைமனுப் பிணை, நிறைவேற்றுப் பிணை (சொன்னபடி செய்யாவிட்டால் பறிபோகும் உத்தரவாதத் தொகைகள்) ஆகியவை கேட்கப்படும். 50 இலட்சம் ரூபாவுக்கு மேற்பட்ட பொது ஒப்பந்தங்களுக்கு 1987 ஆம் ஆண்டின் 3 ஆம் இலக்கப் பொது ஒப்பந்தச் சட்டத்தின் கீழான பதிவும் வேண்டும். இடம் என்று நான் சொல்வது தூரத்தை மட்டும் கருதியன்று. கொழும்பு 300 கிலோமீற்றருக்கு அப்பால் இருக்கிறது என்பது ஒரு பக்கம். கடலும் வாவியும் இரு புறமும் இருக்க நடுவில் வாழ்கிறோம் என்பதும், கார்த்திகை முதல் தை வரை மாரி மழையில் திறந்தவெளிக் கொங்கிரீட் வேலை தடைப்படுகிறது என்பதும் மறுபக்கம்.

## இந்தியாவில் இரண்டும் ஒரே தொழில். இங்கே ஏன் அப்படி இல்லை

மின்சாரத்தையும் ரயிலையும் சேர்த்தே பிடிக்கலாம் என்ற எண்ணம் பலருக்கு இந்திய நிறுவனங்களைப் பார்த்து வருகிறது. கே.ஈ.சி., கல்பதரு போன்ற நிறுவனங்கள் உயர் அழுத்த மின் கோபுரங்களில் தொடங்கி ரயில் வேலைக்கும் விரிந்தவை. அது அவர்களுக்கு இயல்பான அடுத்த படியாக அமைந்தது. ஏனென்றால் இந்திய ரயில் பாதைகள் 25 கிலோவோல்ட் மின்சாரத்தில் ஓடுபவையாக மாற்றப்பட்டன. பாதையோரம் நிற்கும் உருக்குத் தூண், அதில் தொங்கும் கம்பி, பீங்கான் தடுப்பான், துணை மின் நிலையம் எல்லாம் கோபுரம் செய்யும் தொழிற்சாலையின் அதே கையிருப்பு, உருக்குத் துருப்பிடிக்காமல் பூச்சுக் கொடுக்கும் அதே துத்தநாகத் தொட்டி, அதே பொறியியலாளர்கள். ஒரு துறையில் பெற்ற அனுபவச் சான்றிதழ் மறு துறையில் செல்லுபடியானது.

இலங்கையின் ரயில் பாதைகளில் மின்சாரம் இல்லை, டீசலில் ஓடுகின்றன. கொழும்பு புறநகர்ப் பாதைகளை மின்மயமாக்கும் பேச்சு பல பத்தாண்டுகளாக இருந்தும் பாதையில் கம்பி ஏறவில்லை. ஆகவே இந்திய நிறுவனங்கள் கடந்த பாலம் நமக்கு இல்லை. நம் பட்டறைகளில் இரு துறைகளும் சந்திக்கும் இடங்கள் இரண்டுதான். ஒன்று கொங்கிரீட் களம்: விறைப்பாக இழுத்துப் பிடித்த உருக்குக் கம்பியின் மேல் கொங்கிரீட் வார்த்து, அது இறுகியபின் கம்பியை விடும் முறையில்தான் மின்கம்பமும் சிலிப்பர் கட்டையும் செய்யப்படுகின்றன. மற்றது துத்தநாகம் பூசிய உருக்கு வேலை. இந்த இரண்டில் எது உங்கள் கையில் ஏற்கெனவே இருக்கிறது என்பதே தெரிவின் பாதியைத் தீர்த்துவிடும்.

## முதலாவது வழி: மின் விநியோகத்துக்கான பொருள்கள்

மின்மாற்றியிலும் மின்கம்பியிலும் சிறு பட்டறைக்கு இடமில்லை. மின்மாற்றிக்கு எல்.டி.எல். நிறுவனமும், கம்பிக்கு ஏ.சி.எல்., களனி கேபிள்ஸ் ஆகியவையும் பல பத்தாண்டுகளாக நிலைகொண்டிருக்கின்றன. நமக்கு எஞ்சுவது கம்பம், குறுக்குச் சட்டம், கம்பம் சாயாமல் இழுத்துப் பிடிக்கும் தாங்குகம்பித் தொகுதி, பிடிவளையம், திருகாணி, மின்மாற்றியைத் தாங்கும் சட்டகம் ஆகியவை. சிறியவையாகத் தோன்றினாலும் 33 கிலோவோல்ட் பாதையிலும் தெருவோரப் பாதையிலும் கம்பத்துக்குக் கம்பம் இவை வேண்டும்.

இந்தச் சந்தையின் இயல்பு மாறிவிட்டது என்பதைப் புதிதாக நுழைபவர் கவனிக்கவேண்டும். போர் முடிந்தபின் வாவிக்கு மேற்கேயுள்ள படுவான்கரைக்கும் உட்பகுதிக் கிராமங்களுக்கும் புதிதாக மின்சாரம் சென்ற காலத்தில் கம்பங்கள் தொகுதி தொகுதியாகத் தேவைப்பட்டன. இன்று நாட்டின் வீடுகளில் ஏறக்குறைய அனைத்துக்கும் இணைப்புக் கிடைத்துவிட்டது. இனி வரும் தேவை, உடைந்ததை மாற்றுவது, வீதி அகலிக்கும்போது நகர்த்துவது, கூரைச் சூரிய மின்சாரம் கூடிய பகுதிகளில் மின்மாற்றியையும் கம்பியையும் வலுப்படுத்துவது என்ற வகையிலேயே இருக்கும். அது நிற்காத தேவை, ஆனால் திடீரென்று பெருகும் தேவையன்று. பெரிய களம் போட்டு ஆண்டுக்கு ஆண்டு இரட்டிப்பாக்கலாம் என்று கணக்குப் போடுபவர்கள் இதில் ஏமாறுவார்கள்.

தரம் என்ற சொல் இங்கே எதைக் குறிக்கிறது என்பதைக் கம்பச் சோதனை ஒன்றில் நின்று பார்த்தால் விளங்கும். கம்பத்தைக் கிடையாகப் படுக்கவைத்து, அடிப்பகுதியை அசையாமல் இறுக்குவார்கள். நுனிக்குச் சற்றுக் கீழே உருக்கு வடம் கட்டி, விசைமானி ஒன்றை இடையில் மாட்டி, வின்ச்சால் பக்கவாட்டில் மெல்ல இழுப்பார்கள். கம்பம் வில்லைப்போல் வளையும். சுமை கூடக்கூட அடிப்பக்கத்துக்கு அருகே இழுபடும் முகத்தில் மயிரிழை வெடிப்புகள் தோன்றும். ஈரத்துணியால் துடைத்துவிட்டால் நீர் காயும்போது அவை கருங்கோடுகளாகத் தெரியும். அதன்பின் வடத்தைத் தளர்த்துவார்கள். உள்ளே இருக்கும் கம்பி சரியான விறைப்பில் வார்க்கப்பட்டிருந்தால் அந்தக் கோடுகள் ஒவ்வொன்றாக மூடிக்கொள்ளும். மூடாத கோடு ஒன்று மிஞ்சினால், அந்த வார்ப்பில் கொங்கிரீட் போதிய பலம் பெறுமுன் கம்பியை விட்டிருக்கிறார்கள், அல்லது இழுப்பு அளவு குறைந்திருக்கிறது. 8.3 மீற்றர், 11 மீற்றர் என்று கம்பத்தின் உயரத்தை மட்டும் பார்த்து அச்சு வாங்கிவிட்டு, இந்தச் சோதனைக்கான களத்தையும் விசைமானியையும் செலவில் சேர்க்காதவர்கள் முதல் தொகுதியிலேயே சிக்கிக்கொள்கிறார்கள்.

உருக்குப் பொருள்களில் மறைந்திருக்கும் செலவு துத்தநாகம். ஏறக்குறைய 450 பாகை சூட்டில் உருகிய துத்தநாகத் தொட்டியில் முக்கி எடுத்த பொருளே கடற்கரைக்குத் தாக்குப்பிடிக்கும். 6 மில்லிமீற்றருக்கு மேற்பட்ட தடிப்புள்ள உருக்கில் சராசரியாக 85 மைக்ரோன் பூச்சு இருக்கவேண்டும் என்பது சர்வதேச நியமம். கடையில் பளபளப்பாகக் கிடைக்கும் மின்முலாம் பூசிய திருகாணிகளில் அதன் ஒரு சிறு பங்குதான் இருக்கும். கல்லடியில் என்னோடு வேலை செய்த முதிய ஒட்டுத் தொழிலாளி ஒருவர், நான் மலிவான திருகாணிப் பெட்டி ஒன்றை எடுத்தபோது, "தம்பி, இதப் பூட்டிப்போட்டு ரெண்டு மாரி கழிய வந்து பாருங்க, திருகுசாவி பிடிக்காது" என்றார். இரண்டாவது மாரி முடியுமுன்னரே திருகாணித் தலை செந்தூளாக உதிர்ந்தது. நான் பணியாற்றிய பட்டறைகள் எல்லாம் முக்கி எடுப்பதற்கு உருக்கைக் கொழும்புப் பக்கத்துக்கே லொறியில் அனுப்பின. போய்வரும் 600 கிலோமீற்றருக்கு மேற்பட்ட பயணக் கூலியும், அங்கே முறை வரும்வரை காத்திருக்கும் வாரங்களும், வளைந்து திரும்பிவரும் சில துண்டுகளும் உங்கள் விலையில் ஏறவேண்டும். மேல் மாகாணப் போட்டியாளருக்கு இந்தச் செலவு இல்லை.

பணம் திரும்புவதில் இத்துறைக்கு ஓர் அனுகூலம் உண்டு. மின்சாரம் விற்கும் நிறுவனம் மாதந்தோறும் பட்டியல் அனுப்பிப் பணம் அறவிடுகிறது. திறைசேரி ஒதுக்கீட்டை மட்டும் நம்பி நிற்பதில்லை. ஆனால் அந்த வருமானம் கட்டணத்தோடு ஏறி இறங்குகிறது. 2025 ஜனவரியில் கட்டணம் 20 சதவீதம் குறைக்கப்பட்டு, அதே ஆண்டு ஜூனில் 15 சதவீதம் கூட்டப்பட்டதை நாம் பார்த்தோம். கட்டணம் இறங்கிய காலத்தில் கொள்வனவு மந்தமாவதும் கொடுப்பனவு பிந்துவதும் எதிர்பார்க்கவேண்டியவை. மேலும் 2024 ஆம் ஆண்டின் 36 ஆம் இலக்க மின்சாரச் சட்டமும் அதன் 2025 திருத்தமும் இலங்கை மின்சார சபையின் பணிகளைத் தனித்தனி நிறுவனங்களாகப் பிரிக்க வழிசெய்துள்ளன. புதிதாக ஒப்பந்தம் எழுதுபவர், வாங்குபவர் என்ற இடத்தில் எந்த நிறுவனம் நிற்கிறது, பழைய பதிவு அங்கே செல்லுபடியாகிறதா என்பதை எழுத்தில் பெற்றுக்கொள்ளவேண்டும்.

இந்த இடத்தில் என் சொந்த இழப்பையும் சொல்லவேண்டும். 2021 இன் இறுதியில், நான் பங்காளியாக இருந்த பட்டறை முதன்மை ஒப்பந்தகாரர் ஒருவருக்குத் தாங்குகம்பித் தொகுதிகள் செய்துகொடுக்க மாறா விலையில் உடன்பட்டது. டொலர் அப்போது 200 ரூபா. அடுத்த ஆண்டு அது 360 ஐத் தொட்டது. உருக்கின் விலை எங்கள் உடன்படிக்கை விலையைத் தாண்டிச் சென்றது. விலை மாற்ற ஏற்பாடு ஒன்றை ஒப்பந்தத்தில் சேர்க்கும்படி நான் வற்புறுத்தவில்லை. அவரும் ஒரு சதம் கூட்டித் தரவில்லை. பிணைத் தொகை பறிபோகக்கூடாது என்பதற்காக நட்டத்திலேயே கொடுத்து முடித்தோம், கடைசல் இயந்திரத்தை விற்றோம். பதினொரு பேர் வேலை இழந்தார்கள். அவர்களில் ஒருவரை வழியில் காணும்போது இன்றும் எனக்கு நெஞ்சு கனக்கும்.

## இரண்டாவது வழி: ரயில் பாதை

மாகோவிலிருந்து பிரிந்து கல்லோயாச் சந்தி, பொலன்னறுவை, வெலிகந்தை, வாழைச்சேனை, ஏறாவூர் வழியாக வரும் பாதை மட்டக்களப்பில் முடிந்துவிடுகிறது. (கல்லோயாச் சந்தி ஹபரணைக்கு அருகில் உள்ளது, பெயரைக் கேட்டு அம்பாறையின் கல்லோயா என்று மயங்கவேண்டாம்.) அம்பாறை மாவட்டத்தில் ரயில் பாதையே இல்லை. கல்முனை வழியாகப் பொத்துவில் வரை நீட்டவேண்டும் என்ற கோரிக்கை நீண்டகாலமாக இருக்கிறது. அது நிறைவேறவேண்டும் என்று நானும் விரும்புகிறேன். ஆனால் ஒரு கோரிக்கையை நம்பி அச்சு வாங்கக்கூடாது.

சிலிப்பர் கட்டையின் கணக்கு முதற் பார்வையில் மயக்கும். 60 சென்டிமீற்றருக்கு ஒன்று என்று வைத்தால் ஒரு கிலோமீற்றருக்கு 1,600 க்கு மேல் வரும். பத்துக் கிலோமீற்றர் பாதைக்கு ஒரு சிறு களம் ஓராண்டு முழுவதும் இயங்கலாம். ஆயினும் யார் வாங்குகிறார்கள் என்று பார்த்தால் கதை வேறு. போருக்குப் பின்னர் வடக்குப் பாதையை இந்தியக் கடனில் இர்கோன் நிறுவனம் மீளமைத்தது. 2014 இல் யாழ்ப்பாணத்துக்கும் 2015 இல் தலைமன்னாருக்கும் ரயில் சென்றது. மாகோ முதல் ஓமந்தை வரையான மேம்பாட்டு வேலையும் 2023 இல் அதே வழியில் தொடங்கியது. 2019 இல் திறக்கப்பட்ட மாத்தறை–பெலியத்தைப் பாதை சீனக் கடனில் சீன நிறுவனத்தால் அமைக்கப்பட்டது. இந்தியக் கடன் வசதியின் பொது விதிப்படி பொருளிலும் சேவையிலும் ஏறக்குறைய 75 சதவீதம் இந்தியாவிலிருந்து வரவேண்டும். எனவே பாதை எங்கே போடப்பட்டாலும், உள்ளூர்ப் பட்டறையின் கைக்கு வருவது கருங்கல், மணல், வடிகால் மூடி, வேலித்தூண், பலகை அடைப்பு போன்றவையே. இந்த உண்மையை ஏற்றுக்கொண்டு இறங்குபவருக்கு அதிலும் நல்ல வேலை இருக்கிறது. சிலிப்பர் கட்டைக்கென்று அச்சு வாங்கிவிட்டுக் காத்திருப்பவருக்கு இல்லை.

புகையிரதத் திணைக்களம் தன் சொந்த ஒதுக்கீட்டில் செய்விக்கும் பராமரிப்பு வேலை வேறொரு வகை. கடவைப் படலை, மேடைக் கூரை, பாலத்தின் உருக்குத் திருத்தம், நடைபாதைக் கைபிடி போன்றவை சிறு தொகைகளில் வருகின்றன. ஆனால் திணைக்களத்தின் வருமானம் அதன் செலவைத் தாங்குவதில்லை. பணம் திறைசேரியிலிருந்தே வரவேண்டும். 2022 நெருக்கடியில் அரசாங்கம் முதலில் வெட்டியது மூலதனச் செலவைத்தான். செய்து முடித்த வேலைக்குப் பட்டியல் அங்கீகரிக்கப்பட்டிருந்தும், ஒதுக்கீடு முடிந்துவிட்டது, அடுத்த ஆண்டு பார்ப்போம் என்ற பதிலோடு திரும்பியவர்களை அந்த ஆண்டில் எல்லாத் துறைகளிலும் கண்டேன்.

இவற்றுக்கு எதிராக இரண்டு உண்மைகளை வைக்கவேண்டும். 2025 நவம்பர் இறுதியில் டித்வா புயல் நாட்டின் ரயில் பாதைகளைப் பல இடங்களில் அறுத்துச் சென்றது. மண் அரிப்பைத் தடுக்கும், கல் நிரப்பிய கம்பிக் கூடைச்சுவர், மதகுக் கட்டை, வடிகால் கால்வாய்த் துண்டு ஆகியவற்றுக்கு இவ்வகை அழிவின்பின் எழும் தேவை ஓரிரு மாதங்களில் முடிவதில்லை. சம்மாந்துறை நண்பரிடம் இருக்கும் மதகுக் குழாய் அச்சு அதற்கு அப்படியே உதவும். ரயில் நின்றாலும் அதே குழாய் பிரதேச சபை வீதிக்கும் நீர்ப்பாசன வாய்க்காலுக்கும் போகும். மற்றது இடம். ஏறாவூர், வாழைச்சேனை நிலையங்களுக்கு அருகில் களம் வைத்திருப்பவர், பாரமான கொங்கிரீட் பொருளை மேற்குக் கரையிலிருந்து லொறியில் கொண்டுவரும் போட்டியாளரைவிட ஏற்றுக்கூலியில் தெளிவாக முந்தி நிற்பார். கொங்கிரீட்டுக்குத் துத்தநாகத் தொட்டி தேவையில்லை என்பதும் இங்கே நமக்குச் சாதகம்.

## மூன்றாவது வழி: சூரியத் தகட்டுச் சட்டகங்கள்

என்னிடம் கேள்வி கேட்ட இருவரும் இதைச் சொல்லவில்லை. பெரிய துறை என்ற எண்ணம் மின்கம்பத்தோடும் தண்டவாளத்தோடும் ஒட்டியிருப்பதால் கூரையில் பூட்டும் சட்டகம் சிறு வேலையாகத் தெரிகிறது. 2030 இல் மின்சாரத்தில் 70 சதவீதத்தைப் புதுப்பிக்கத்தக்க வளங்களிலிருந்து பெறுவது நாட்டின் இலக்கு. சம்பூரில் சூரிய மின் நிலைய வேலை 2025 இல் தொடங்கிவைக்கப்பட்டது. வவுணதீவுப் பக்கத்தில் வயல்வெளிகளுக்கு நடுவே தகடுகள் ஏற்கெனவே நிற்கின்றன. ஆனால் எனக்கு அதிக நம்பிக்கை தருபவை கல்முனை, சம்மாந்துறை, அக்கரைப்பற்று அரிசி ஆலைகளின் அகன்ற கூரைகளே.

கிழக்குப் பட்டறைக்கு வேறெங்கும் இல்லாத ஒரு பிடி இதில் உண்டு. 1978 நவம்பர் 23 சூறாவளிக்குப் பின்னர் இலங்கை மூன்று காற்று வலயங்களாகப் பிரிக்கப்பட்டது. கிழக்குக் கரை கடுமையான முதலாம் வலயத்தில் இருக்கிறது. சாதாரணக் கட்டடங்களுக்கு வினாடிக்கு 49 மீற்றர் வேகக் காற்றைக் கணக்கில் எடுக்கவேண்டும். கொழும்பு மூன்றாம் வலயம். அங்கே 33 மீற்றர். காற்றின் அழுத்தம் வேகத்தின் வர்க்கத்துக்கு ஏற்பக் கூடுவதால், கொழும்புக் கணக்கில் வடிவமைத்த சட்டகம் இங்கே இரு மடங்குக்கும் மேற்பட்ட தூக்குவிசையைச் சந்திக்கிறது. பெட்டியில் வரும் ஆயத்தச் சட்டகங்களில் பல இந்த வேறுபாட்டைக் கவனிப்பதில்லை. கூரைச் சலாகை ஒன்றுக்கு எத்தனை பிடி, எந்த இடைவெளி, விளிம்பில் எத்தனை மேலதிகப் பிடி என்று முதலாம் வலயத்துக்குக் கணக்கிட்டு, பட்டயப் பொறியியலாளர் ஒருவரின் கையொப்பத்தோடு கொடுக்கும் பட்டறைக்கு ஆலைக்காரர் சற்றுக் கூடிய விலையும் கொடுப்பார். ஒரு மாரிப் புயலில் கூரையோடு தகடும் பறந்தால் அவருக்கு ஏற்படும் இழப்பை அவரே அறிவார்.

தனியார் வாங்குநர் என்பதால் முற்பணம் கேட்கலாம். பாதிப் பணம் கைக்கு வந்தபின் உருக்கு வாங்கலாம். மீதிப் பணம் பெரும்போக, சிறுபோக அறுவடைகளோடு சேர்ந்து வரும். அறுவடை முடிந்து நெல் கொள்வனவு நடக்கும் வாரங்களில் ஆலைக்காரரின் கையில் இருக்கும் காசு முழுவதும் நெல்லில் முடங்கும். அரிசி விற்கத் தொடங்கியபின் கேட்டால் கிடைக்கும். இந்த ஓட்டத்தைத் தெரிந்து ஒப்பந்தத் தவணையைப் போடுவது கொழும்பு நிறுவனத்துக்குக் கடினம், நமக்குப் பழக்கம்.

மறைந்திருக்கும் செலவுகளும் இருக்கின்றன. கடற்கரையில் அலுமினியமும் சாதாரண உருக்கும் நேரடியாகத் தொட்டால் தொட்ட இடம் அரிக்கும். துருவேறா உருக்குத் திருகாணியும் இடைத்தகடும் வேண்டும். தகட்டுக்கு இருபது ஆண்டுக்கு மேல் உத்தரவாதம் கேட்டுப் பழகிய வாடிக்கையாளர் சட்டகத்துக்கும் அப்படியே கேட்பார். பத்தாண்டு கழித்துத் திருத்திக்கொடுக்கும் பொறுப்பைக் கணக்கில் எழுதிவைக்கவேண்டும். கொள்கையும் நிலையற்றது. 2025 சித்திரைப் புத்தாண்டு விடுமுறையில், தேவை குறைந்ததால் கூரைத் தொகுதிகளைப் பகலில் நிறுத்தும்படி கேட்கப்பட்டது. அதே ஆண்டில் கூரைச் சூரிய மின்சாரத்துக்குக் கொடுக்கும் கொள்வனவு விலையும் குறைக்கப்பட்டது. அத்தகைய செய்தி வரும் மாதத்தில் புதிய வேலைக் கட்டளைகள் நின்றுவிடும். ஆனால் அப்போதும் உங்கள் இயந்திரங்கள் ஆலைக் கூரைக்கும் களஞ்சியத்துக்கும் திரும்பலாம். என் கணக்கில் இதுவே இந்த வழியின் பெரிய பலம்.

## ஒரே பார்வையில்

| அளவுகோல் | மின் விநியோகப் பொருள் | ரயில் பாதை | சூரியச் சட்டகம் |
|---|---|---|---|
| பணம் திரும்புதல் | பிந்தும், ஆனால் கட்டண வருமானம் பின்னால் உண்டு | திறைசேரி ஒதுக்கீட்டைப் பொறுத்தது. மிகவும் பிந்தக்கூடும் | முற்பணம் உண்டு. மீதி அறுவடையோடு |
| வாங்குபவர் | அரசு விநியோக நிறுவனம், அதன் ஒப்பந்தகாரர்கள் | ஒரே திணைக்களம், வெளிநாட்டு ஒப்பந்தகாரர்கள் | பல தனியார் |
| முதலைத் திருப்புதல் | உருக்கில் எளிது. கம்ப அச்சில் கடினம் | சிலிப்பர் அச்சில் இயலாது. மதகு, வடிகால் அச்சில் எளிது | எளிது |
| நுழைவுத் தகுதி | சோதனை, பிணை, முன் அனுபவம் | அவற்றோடு மிகக் கடுமையான வரைபட அங்கீகாரம் | பொறியியலாளர் கையொப்பம், நற்பெயர் |
| கிழக்கில் இருப்பதன் விளைவு | உருக்குக்குப் பாதகம், கம்பத்துக்குச் சாதகம் | நிலையத்தருகே சாதகம். அம்பாறையில் பாதகம் | சாதகம் |
| பெரிய மறைசெலவு | துத்தநாகப் பூச்சு, போக்குவரத்து | அங்கீகரித்த பட்டியலுக்கான காத்திருப்பு | நீண்ட உத்தரவாதம் |

## யாருக்கு எது

உருக்கு வேலை மட்டும் தெரிந்த ஏறாவூர்ப் பட்டறை முதலில் சூரியச் சட்டகத்தில் இறங்குவதே சரி என்று நினைக்கிறேன். இரண்டு ஆண்டு அந்த வேலையில் முற்பணத்தோடு ஓடினால், கொழும்புக்கு முழு லொறியாக உருக்கை அனுப்பும் அளவு சேரும். அப்போது துத்தநாகப் பூச்சுக்கான போக்குவரத்து ஒரு கிலோவுக்கு இறங்கும், குறுக்குச் சட்ட விலைமனுவில் போட்டியிட முடியும். சட்டகத்தில் கிடைத்த கணக்கு அறிக்கைகளும் வங்கித் தொடர்பும் பிணை எடுக்க உதவும். இந்த வரிசையை மாற்றி, பிணைக்காக வீட்டுக் காணி உறுதியை வங்கியில் வைத்து நேரே அரசாங்க விலைமனுவில் தொடங்குபவர்களைத் தடுக்க நான் பலமுறை முயன்றிருக்கிறேன்.

கொங்கிரீட் களம் வைத்திருப்பவருக்கு மின்கம்பம் பொருந்தும், மூன்று நிபந்தனைகளோடு. மழையிலும் வார்க்கக்கூடிய கூரைக் களம் இருக்கவேண்டும். சோதனைக் களமும் விசைமானியும் முதல் நாளிலிருந்தே இருக்கவேண்டும். ஆறு மாதம் பணம் வராவிட்டாலும் கூலி கொடுக்கும் இருப்பு கையில் இருக்கவேண்டும். இவற்றில் ஒன்று குறைந்தாலும், இப்போது செய்யும் மதகுக் குழாயையும் வடிகால் துண்டையும் தரப்படுத்தி, ரயில் பாதைத் திருத்த வேலை எடுத்தவர்களுக்கும் வீதி ஒப்பந்தகாரர்களுக்கும் கொடுப்பது மேல். சம்மாந்துறை நண்பருக்கு நான் சொன்னதும் இதுவே. கடல்கடந்த நிறுவனம் ஒன்றின் துணை ஒப்பந்தமாக அந்த வேலை வந்தால், பிரதான ஒப்பந்தகாரருக்குப் பணம் வந்தபின் தருவோம் என்ற வாசகத்தை நீக்காமல் கையொப்பமிடவேண்டாம்.

சிலிப்பர் கட்டையை யாருக்குப் பரிந்துரைப்பேன் என்றால், வாழைச்சேனைக்கும் மட்டக்களப்புக்கும் இடையில் பாதையோரக் காணி, கம்பம் வார்க்கும் களம், அனுபவச் சான்றிதழ் மூன்றும் ஏற்கெனவே உள்ளவருக்கும், எழுத்திலான கொள்வனவு உறுதி கிடைத்தவருக்கும் மட்டுமே. கம்பத்துக்கென்று போட்ட இழுப்புத் தாங்கியையும் கலவை இயந்திரத்தையும் அவர் பயன்படுத்திக்கொள்வார். புதிதாக வாங்குவது அச்சை மட்டுமே. அச்சின் விலையை முதல் கட்டளையிலேயே முழுமையாகப் பிரித்துப் போட்டு விலை கொடுக்கவேண்டும். இரண்டாவது கட்டளை வரும் என்று எண்ணி அச்சு விலையை இரண்டாகப் பிரிப்பவர் தன் கைக்காசில் பாதி அச்சை வாங்கியவராகிறார்.

எந்த வழியில் போனாலும் ஒப்பந்தத்தில் இரண்டு வரிகளை நான் விடுவதில்லை. உருக்கு, சீமெந்து, துத்தநாகம் ஆகியவற்றின் விலை குறிப்பிட்ட சதவீதத்துக்கு மேல் ஏறினால் எங்கள் விலையும் அதற்கேற்ப மாறும் என்பது ஒன்று. பொருளைக் களத்திலேயே சோதித்து ஏற்றுக்கொண்ட நாளிலிருந்து கொடுப்பனவுக் காலம் எண்ணப்படும் என்பது மற்றது. ஒப்படைத்த பொருள் வாங்குபவரின் களஞ்சியத்தில் சோதனைக்காகக் கிடக்கும் வாரங்கள் உங்கள் வட்டியில்தான் ஓடுகின்றன. ஏறாவூர்க்காரர் தம் முதலாவது சட்டக ஒப்பந்தத்தில் இரண்டு வரிகளையும் சேர்த்தே கையொப்பமிட்டார்; ஆலைக்காரர் முதல் வரிக்குச் சற்று முகம் சுளித்தார், பின்னர் பத்து சதவீதம் என்ற எல்லையோடு ஒத்துக்கொண்டார்.